எடுத்தவரே தொகுக்கலாமா?

கேள்வி: ஐந்து ஆண்டுகளாக நிகழ்ச்சிப் பதிவுகளும் நிறுவனங்களுக்கான காணொளிகளும் எடுத்து, நானே எடிட் செய்து கொடுத்து வருகிறேன். இரண்டு ஆண்டுகளுக்கு முன் ஓர் ஆவணப்படத்தில் ஒளிப்பதிவாளராகச் சேர்ந்தேன். மூடப்படவிருக்கும் ஒரு தொழிற்சாலையின் கடைசித் தொழிலாளர்கள் மூவரைப் பற்றிய படம் அது. படப்பிடிப்பு முடிந்துவிட்டது; 160 மணி நேரம் பதிவாகியிருக்கிறது. "முழு ஃபுட்டேஜையும் அறிந்தவர் நீங்கள்தான், எடிட்டிங்கையும் நீங்களே முடித்துக் கொடுத்துவிடுங்கள்" என்கிறார் இயக்குநர். இரண்டுக்கும் சேர்த்து ஒரே தொகை தருவதாகச் சொல்கிறார். ஏற்கலாமா? ஆவணப்படத்தையே முழுநேரத் தொழிலாகக் கொள்ள விரும்புகிறேன். ஒளிப்பதிவு, படத்தொகுப்பு ஆகியவற்றில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தாக வேண்டுமா? கடன் வாங்கி நல்ல சினிமா கேமரா ஒன்றை வாங்குவது உதவுமா?

பதில்: உங்கள் மூன்று கேள்விகளுக்கும் முதலில் சுருக்கமாக விடை சொல்லிவிடுகிறேன். தொகுப்பின் முதல் கட்டத்தை மட்டும் தனி ஒப்பந்தத்தில், தனி ஊதியத்தில் ஏற்றுக்கொள்ளுங்கள்; அதன் பிறகு படம் வேறொரு படத்தொகுப்பாளரின் கைக்குப் போக வேண்டும் என்பதை இயக்குநரிடம் இப்போதே பேசி முடிவு செய்யுங்கள். இரண்டு தொழில்களில் ஒன்றைக் கைவிட வேண்டிய கட்டாயம் இந்தக் கட்டத்தில் உங்களுக்கு இல்லை. கடன் வாங்கிக் கேமரா வாங்க வேண்டாம். முதல் விடைக்கான காரணங்களைத்தான் விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. மற்ற இரண்டுக்குமான விளக்கம் பெரும்பாலும் அதற்குள்ளேயே இருக்கிறது.

முழு ஃபுட்டேஜையும் அறிந்தவர் நீங்கள்தான் என்று இயக்குநர் சொல்வது உண்மை. ஆனால் எடிட்டிங் மேசையில் அந்த அறிவே பல நேரங்களில் கண்ணை மறைக்கும். ஒரு ஷாட்டுக்காக எத்தனை மணி நேரம் காத்திருந்தீர்கள், எந்தக் குளிரில் நின்றீர்கள், அன்று உள்ளே நுழைய எவ்வளவு பேசி அனுமதி வாங்கினீர்கள் என்பதெல்லாம் உங்களுக்கு நினைவிருக்கும். பார்வையாளருக்குத் தெரிவது திரையில் ஓடும் எட்டு வினாடிகள் மட்டுமே. இதைவிட நுட்பமான சிக்கல் ஒன்றும் உண்டு. ஒரு தொழிலாளி வேலை முடிந்து வாயிலைக் கடந்து போவதை எடுத்திருப்பீர்கள். அதற்குச் சற்று முன் அவர் உங்களிடம் தன் வீட்டுக் கவலையைச் சொல்லியிருப்பார், அப்போது கேமரா ஓடியிருக்காது. அந்த ஷாட்டை நீங்கள் பார்க்கும்போதெல்லாம் அவருடைய நடையில் துயரம் தெரியும். வேறொருவர் பார்த்தால், ஒரு மனிதர் நடந்து போகிறார், அவ்வளவுதான். சட்டகத்துக்கு வெளியே நடந்ததை மனத்தில் வைத்துக்கொண்டு சட்டகத்துக்குள் இருப்பதை மதிப்பிடுவது ஒளிப்பதிவாளருக்குத் தவிர்க்க முடியாத பழக்கம். அதனால்தான் தாம் எடுத்ததைத் தாமே தொகுப்பவர்களின் படங்களில் அழகான, ஆனால் ஏன் வந்தது என்று விளங்காத காட்சிகள் அடிக்கடி தங்கிவிடுகின்றன.

ஆவணப்படத்தின் வரலாற்றிலும் இந்தப் பிரிவினை தொடக்கத்திலிருந்தே காணப்படுகிறது. சோவியத் இயக்குநர் ஸீகா வெர்த்தோவ் 1929-இல் வெளியிட்ட 'மேன் வித் எ மூவி கேமரா' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் அவருடைய தம்பி மிகயீல் காஃப்மன், தொகுத்தவர் வெர்த்தோவின் மனைவி எலிசவெத்தா ஸ்விலோவா. கேமராவோடு அலையும் மனிதரையும் மேசையில் அமர்ந்து பிலிம் துண்டுகளை அடுக்கும் பெண்ணையும் அந்தப் படமே காட்டுகிறது. 1969-இல் வெளிவந்த 'சேல்ஸ்மேன்' படத்தை ஆல்பர்ட் மேய்ஸல்ஸ் கேமராவோடும் தம்பி டேவிட் ஒலிப்பதிவுக் கருவியோடும் சென்று எடுத்தார்கள். வீடு வீடாகச் சென்று பைபிள் விற்கும் நால்வரைப் பின்தொடர்ந்து எடுத்த அந்தப் படத்தின் மையம் அவர்களில் ஒருவர்தான் என்பது, ஷார்லட் ஸ்வெரின் தொகுப்பில் அமர்ந்த பிறகே தெளிவாயிற்று. ஸ்வெரினின் பெயர் மேய்ஸல்ஸ் சகோதரர்களின் பெயர்களோடு இயக்குநர் வரிசையிலேயே இடம்பெற்றது. உங்கள் நிலைமைக்கு இன்னும் நெருக்கமான எடுத்துக்காட்டு ஒளிப்பதிவாளர் கிர்ஸ்டன் ஜான்சன். பல ஆண்டுகளாகப் பிறருடைய ஆவணப்படங்களுக்குத் தாம் எடுத்த காட்சிகளைக் கொண்டே 2016-இல் 'கேமராபர்சன்' என்ற படத்தை உருவாக்கிய அவர், அத்தனை சொந்தமான பொருளைக்கூட நெல்ஸ் பாங்கர்ட்டர் என்ற படத்தொகுப்பாளரோடு சேர்ந்தே வடிவமைத்தார்.

ஃபிரெடரிக் வைஸ்மன் தம் படங்களைத் தாமே தொகுத்தாரே என்று நீங்கள் கேட்கலாம். தொகுத்தார், ஆனால் அவர் இயக்குநர், படப்பிடிப்பில் ஒலிப்பதிவைக் கவனித்தவர். கேமராவை வேறொருவர் பிடித்திருந்தார். படத்தின் முழுப் பொறுப்பும் அவருடையது என்பதால், எதை நீக்குவது என்பதற்கு அவர் யாரிடமும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கவில்லை. உங்கள் படத்தில் அந்தப் பொறுப்பு உங்களுடையது அல்ல.

இன்னொரு காரணம் மனிதர்களோடு நீங்கள் கொண்டிருக்கும் உறவு. இரண்டு ஆண்டுகளாக மூன்று தொழிலாளர்களின் முகத்துக்கு மிக அருகில் நின்றவர் நீங்கள். இயக்குநரைவிட உங்களைத்தான் அவர்கள் நம்பியிருக்கக்கூடும். பல ஆவணப்படங்களில் அப்படி நடக்கிறது. அந்த நம்பிக்கை தொகுப்பில் இரண்டு விதமாக வேலை செய்யும். அவர்களைச் சங்கடப்படுத்தும் எதையும் சேர்க்க மனம் வராது. அப்படிக் காத்துக் காத்துத் தொகுத்தால் மூவரும் குறையே இல்லாத நல்லவர்களாகி, யாரும் நம்பாத மனிதர்களாகிவிடுவார்கள். சில நேரங்களில் இதற்கு நேர்மாறாகவும் நடக்கும்: எல்லாம் தெரிந்தவர் என்ற உரிமையில், ஒருவர் ஒரு நாள் சொன்ன சொல்லோடு இன்னொரு நாள் தலைகுனிந்த முகத்தைச் சேர்த்து, "அவர் உண்மையில் அப்படித்தான் உணர்ந்தார், எனக்குத் தெரியும்" என்று நியாயம் கற்பித்துக்கொள்வீர்கள். வெளியிலிருந்து வரும் படத்தொகுப்பாளர் அந்த இடத்தில், "இந்த முகம் எந்த நாளுடையது?" என்று கேட்பார். அந்தக் கேள்வியைக் கேட்க ஒருவர் அறையில் இருந்தாக வேண்டும். தொகுப்பு முடியும் தறுவாயில், அந்த மூவரும் தங்களைத் திரையில் எப்படிக் காண்பார்கள் என்று நினைவூட்டுவது உங்கள் வேலை. தீர்ப்புச் சொல்லும் நாற்காலியில் நீங்களே அமர்ந்துவிட்டால், நினைவூட்ட ஆள் இருக்காது.

அப்படியானால் முதல் கட்டத்தை மட்டும் ஏன் ஏற்கச் சொல்கிறேன் என்றால், அங்கே உங்கள் அறிவு முழுப் பயன் தரும். பதிவுகளை நாள்வாரியாக, ஆள்வாரியாகப் பிரிப்பது, ஒலியையும் படத்தையும் பொருத்திச் சிங்க் செய்வது, தொகுக்க எளிதான சிறிய நகல்களான பிராக்ஸி கோப்புகளை உருவாக்குவது, பேட்டிகளை எழுத்தாக்கிச் சரிபார்ப்பது, ஒவ்வொரு கிளிப்புக்கும் குறிப்பு எழுதுவது, கடைசியில் காட்சிகளை நீளம் பார்க்காமல் வரிசைப்படுத்திய ஓர் அசெம்பிளியைத் தயாரிப்பது ஆகிய வேலைகளை உங்களைவிட வேகமாக யாராலும் செய்ய முடியாது. குறிப்பு எழுதும்போது திரையில் தெரிவதையும் கேட்பதையும் மட்டும் எழுதுங்கள். "அற்புதமான ஷாட்" என்று எழுதாதீர்கள். பேச்சை எழுத்தாக்கும் மென்பொருள்கள் இப்போது நேரத்தை வெகுவாகக் குறைக்கின்றன. எனினும் ஒருவர் பதில் சொல்லாமல் இருந்த ஆறு வினாடி எழுத்துப் பிரதியில் வராது என்பதால், காகிதத்தை வைத்து மட்டும் காட்சிகளைத் தேர்ந்தெடுக்கும் இயக்குநரைத் தடுத்து நிறுத்த வேண்டியிருக்கும். புதிய படத்தொகுப்பாளர் வந்த பிறகு, அவர் ஃபுட்டேஜைப் பார்க்கும் முதல் வாரங்களில் நீங்கள் அருகில் அமர்ந்து கதை சொல்லாதீர்கள். அவர் முதன்முறை பார்க்கும் பார்வை ஒருமுறைதான் கிடைக்கும். அவர் எங்கே சலித்தார், எங்கே சிரித்தார், எதைப் புரிந்துகொள்ளவில்லை என்பதெல்லாம் படத்துக்குத் தேவையான தகவல்கள்.

இனி ஊதியத்துக்கு வருகிறேன். இயக்குநர் சொல்லும் ஒரே தொகையை ஏற்குமுன் வேலையின் அளவைக் கணக்கிட்டுப் பாருங்கள். கவனம் சிதறாமல் ஒரு நாளில் 4 மணி நேரம் ஃபுட்டேஜ் பார்த்துக் குறிப்பெழுத முடியும் என்று கொண்டால், 160 மணி நேரத்தைப் பார்த்து முடிக்கவே 40 வேலை நாட்கள் ஆகும். அதாவது ஏறத்தாழ இரண்டு மாதங்கள், ஒரு கட் கூடப் போடாமல். முடிந்த படத்தின் ஒவ்வொரு 10 நிமிடத்துக்கும் ஒரு மாதம் என்பது நீள ஆவணப்படங்களைத் தொகுப்பவர்களிடையே புழங்கும் தோராயக் கணக்கு. 80 நிமிடப் படம் என்றால் எட்டு மாதங்கள். ஆவணப்படத் துறையில் 160 மணி நேரம் பெரிய அளவும் அல்ல. 'ஹூப் ட்ரீம்ஸ்' படத்துக்குச் சுமார் 250 மணி நேரமும், 2019-இல் வந்த 'ஹனிலேண்ட்' படத்துக்கு 400 மணி நேரத்துக்கும் மேலும் பதிவாகியிருந்தன. இந்தக் கணக்கை இயக்குநர் முன்னால் வைத்தால், அவர் ஏமாற்ற நினைக்கவில்லை, வேலையின் அளவு தெரியாமலே தொகையைச் சொல்லியிருக்கிறார் என்பது பெரும்பாலும் விளங்கும். அதன் பிறகு பேச்சு எளிதாகும்.

ஒப்பந்தத்தில், வார ஊதியமா மொத்த ஊதியமா, மொத்தம் என்றால் எத்தனை வாரங்களுக்கு, எத்தனை முறை திருத்தம், பிக்சர் லாக் ஆன பிறகு, அதாவது காட்சிகளின் வரிசையும் நீளமும் இறுதியான பிறகு, மாற்றம் கேட்டால் தனிக் கட்டணமா, தயாரிப்பு நடுவில் நின்றுபோனால் அதுவரை செய்த வேலைக்கு என்ன என்பவை எழுத்தில் இருக்க வேண்டும். படம் விற்ற பிறகு தருகிறேன் என்ற வாக்குறுதியை ஊதியத்தின் ஒரு பகுதியாக மட்டுமே கருதுங்கள். ஆவணப்படங்களில் அந்த நாள் வராமல் போவது சாதாரணம். உங்கள் கணினியையும் ஹார்ட் டிஸ்குகளையும் பயன்படுத்தினால் அவற்றுக்கான வாடகை உங்கள் உழைப்பின் ஊதியத்திலிருந்து தனியே காட்டப்பட வேண்டும். டைட்டிலில் என்ன பெயர் என்பதையும் இப்போதே தீர்மானியுங்கள்: 'ஒளிப்பதிவு' உங்களுடையது, தொகுப்பில் 'கூடுதல் படத்தொகுப்பு' அல்லது இருவரின் பெயரும் சேர்ந்து. பணத் தகராறைவிடப் பெயர்த் தகராறுதான் நட்பை அதிகம் கெடுத்திருக்கிறது.

இரண்டாவது கேள்விக்கு வருவோம். பெரிய தயாரிப்புகளில் இவை இரண்டும் தனித்தனித் தொழில்கள். ஒருவர் இரண்டிலும் ஒரே உயரத்துக்குப் போவது அரிது. ஆயினும் தொடக்க ஆண்டுகளில் இரண்டையும் செய்வதையே பரிந்துரைக்கிறேன், ஒரு நிபந்தனையோடு: இனி நீங்கள் தொகுப்பது மற்றவர்கள் எடுத்த ஃபுட்டேஜாக இருக்கட்டும். வேறொருவர் எடுத்ததை வைத்து ஒரு காட்சியைக் கட்ட முயன்று, தேவையான ஒரே ஒரு ஷாட் இல்லாமல் தவிக்கும்போது கற்கும் ஒளிப்பதிவுப் பாடத்தை எந்தப் பயிற்சி வகுப்பும் தராது.

நிகழ்ச்சிப் பதிவிலிருந்து வருபவர்களுக்கு இந்தப் பாடம் அதிகமாகவே தேவைப்படும். அந்த வேலையில் கண்ணைக் கவரும் மூன்று வினாடித் துண்டுகள் போதும். இசையைப் போட்டு அடுக்கினால் காணொளி முடிந்துவிடும். குலுக்கலைத் தடுக்கும் ஜிம்பல் கருவியில் மிதந்து செல்லும் ஷாட்டுகள், வேகம் குறைத்த அசைவுகள், வானிலிருந்து எடுத்தவை என்று எல்லாம் இருக்கும்; ஆனால் ஒருவர் அறைக்குள் நுழைந்து, அமர்ந்து, பேச்சைத் தொடங்கி, கோபித்துக்கொண்டு எழுந்து போகும் ஒரு முழுக் காட்சியை அவற்றைக் கொண்டு கட்ட முடியாது. ஆவணப்படத் தொகுப்பாளருக்குத் தேவை வேறு. செயல் தொடங்குவதற்குப் பத்து வினாடி முன்பும் முடிந்து பத்து வினாடி பின்பும் ஓடிய ஷாட் தேவை. பேசுபவரின் முகத்தோடு கேட்பவரின் முகமும் தேவை. கேட்பவரின் முகம் இருந்தால்தான் பேச்சைச் சுருக்க வழி பிறக்கும். மனிதர்கள் ஓர் இடத்துக்கு வருவதும் அங்கிருந்து கிளம்புவதும் தேவை, ஏனென்றால் காட்சிகளின் மூட்டுவாய்கள் அங்கேதான் அமைகின்றன. கேள்வி படத்தில் வராது என்பதால், பேட்டி கொடுப்பவர் கேள்வியையும் சேர்த்துப் பதில் சொல்ல வேண்டும். "பேட்டி முடிந்தது" என்று சொன்ன பிறகும் கேமரா ஓடிக்கொண்டிருந்தால் கிடைக்கும் பெருமூச்சும், அவர் மைக்கைக் கழற்றும் கைகளும் பல படங்களின் சிறந்த தருணங்களாகியிருக்கின்றன. ஆனால் கேமரா ஓடுகிறது என்பது அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும், மறைத்து எடுத்ததைப் பயன்படுத்துவது நம்பிக்கைத் துரோகம்.

ஒலியைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். குலுங்கும் படத்தைப் பார்வையாளர் பொறுத்துக்கொள்வார், கேட்காத பேச்சைப் பொறுக்க மாட்டார். ஹெட்போன் அணியாமல் ஆவணப்படம் எடுக்கும் ஒளிப்பதிவாளர் பாதி வேலையைத்தான் செய்கிறார். பேச்சு எங்கே திரும்பப் போகிறது என்பதைக் காதுதான் முதலில் அறிகிறது, கேமரா அதற்குப் பிறகே நகர வேண்டும். ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் ரூம் டோன், அதாவது அந்த இடத்தின் வெறும் பின்னணி ஒலி, பதிவு செய்யும் வழக்கம் எல்லோருக்கும் தெரியும், அவசரத்தில் எல்லோரும் விட்டுவிடுவார்கள். அது இல்லாமல் பேட்டியின் நடுவில் ஒரு சொல்லை நீக்க வேண்டிவந்த படத்தொகுப்பாளர் அதன் பிறகு ஒருபோதும் விடமாட்டார்.

வாழ்க்கைச் செலவு என்ற நோக்கிலும் இரண்டு திறமைகளும் ஒன்றையொன்று தாங்கும். ஒளிப்பதிவுக்கு நாள் கணக்கில் ஊதியம். ஒரு நாளின் தொகை கூடுதலாக இருந்தாலும் நாட்கள் விட்டுவிட்டு வரும், எந்த மாதம் எத்தனை நாள் என்று சொல்ல முடியாது. தொகுப்புக்கு வார அல்லது மாத ஊதியம். நாளுக்குக் குறைவாக இருந்தாலும் மாதக்கணக்கில் தொடரும். சிக்கல் என்னவென்றால் இரண்டும் ஒரே நேரத்தில் அழைக்கும். நீண்ட தொகுப்பு வேலையை ஒப்புக்கொள்ளும்போதே, இடையில் எத்தனை நாள் படப்பிடிப்புக்குப் போகலாம் என்பதைப் பேசிவிட வேண்டும். நிறுவனங்களுக்கான காணொளி வேலையை இப்போதைக்கு விட்டுவிடாதீர்கள். ஆவணப்படத்தை மட்டுமே நம்பி வாழ்பவர்கள் மிகச் சிலர். பலர் ஏதோ ஒரு பக்க வேலையை வைத்துக்கொண்டுதான் தாங்கள் விரும்பும் படங்களில் பணியாற்றுகிறார்கள், அதைப் பற்றி வெளியில் அதிகம் பேசுவதில்லை.

கேமரா விஷயத்தில் என் கருத்து உறுதியானது. கேமராவின் உடற்பகுதி சில ஆண்டுகளிலேயே பழையதாகிவிடும். கடன் அதைவிட நீண்ட காலம் இருக்கும். தயாரிப்பாளர்கள் தங்கள் தொழில்நுட்ப விதிகளுக்கு ஏற்பக் கேமராவைத் தேர்ந்தெடுக்கிறார்கள். நெட்ஃபிளிக்ஸ் போன்ற தளங்கள் ஏற்கப்பட்ட கேமராக்களின் பட்டியலையே வைத்திருக்கின்றன. நீங்கள் வாங்கியது அடுத்த படத்துக்குப் பொருந்தாமல் போகலாம். வாடகைக்கு எடுத்தால் அந்தக் கவலை இல்லை. பணம் இருந்தால் நல்ல ஒலிக்கருவி, உறுதியான முக்காலி, நீண்ட காலம் உழைக்கும் ஒன்றிரண்டு லென்ஸ்கள் ஆகியவற்றை வாங்குங்கள். அவற்றுக்கும் முன்னால் சேமிப்பகத்தைக் கவனியுங்கள். வினாடிக்கு 100 மெகாபிட் வீதம் பதிவு செய்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிகாபைட். உங்கள் 160 மணி நேரம் 7.2 டெராபைட் ஆகும். மூன்று பிரதிகள், அவற்றில் ஒன்று வேறொரு கட்டடத்தில் என்பது குறைந்தபட்ச விதி. திரும்ப எடுக்க முடியாத, மூடப்படும் ஒரு தொழிற்சாலையின் பதிவு ஒரே ஹார்ட் டிஸ்கில் இருப்பதை நினைத்துப் பாருங்கள்.

வேலை தேடும்போது, தம் வேலையின் மாதிரியாகக் காட்டும் ஷோரீலைப் பற்றிப் பலர் தவறாக நினைக்கிறார்கள். இசைக்கு ஏற்ப வெட்டிய அழகான ஷாட்டுகளின் தொகுதி விளம்பரத் துறைக்கு உதவும். ஆவணப்பட இயக்குநர் பார்க்க விரும்புவது, நான்கைந்து நிமிடம் ஓடும் முழுமையான ஒரு காட்சியை. அந்தக் காட்சியில் மனிதர்கள் கேமராவை மறந்திருக்கிறார்களா, நெருக்கடியான தருணத்தில் நீங்கள் எங்கே நின்றீர்கள், எப்போது விலகினீர்கள் என்பவற்றை அவர் கவனிப்பார். இத்துறையில் வேலை பெரும்பாலும் பரிந்துரையில் வருகிறது. ஓர் ஒளிப்பதிவாளரைப் பற்றி இயக்குநர்கள் நம்பிக் கேட்பது, அவர் எடுத்ததைத் தொகுத்தவரின் கருத்தைத்தான். இப்போது வரப்போகும் படத்தொகுப்பாளரிடம் நீங்கள் ஒழுங்கான குறிப்புகளோடும் பிடிவாதமில்லாமலும் பொருளை ஒப்படைத்தால், அடுத்த படத்துக்கான பரிந்துரை அங்கிருந்து வர வாய்ப்பு அதிகம்.

உடலையும் சற்றுக் கவனிக்க வேண்டும். தோளில் கேமராவைச் சுமப்பவருக்கு முதுகும், திரையை வெறித்திருப்பவருக்குக் கண்ணும் கழுத்தும் கெடும் என்பது பழைய செய்தி. துன்பக் காட்சிகளைத் திரும்பத் திரும்பப் பார்ப்பது தொகுப்பவரின் மனத்தைப் பாதிக்கும் என்பதை மட்டும் பலர் வெளிப்படையாக ஏற்பதில்லை. அப்படிப்பட்ட பகுதிகளைப் பகலில் பாருங்கள்; தேவையில்லாதபோது ஒலியை நிறுத்தி, சாளரத்தைச் சிறிதாக்கிக்கொள்ளுங்கள்; கடைசி வேலையாக அவற்றை வைத்துக்கொள்ளாதீர்கள்.

இயக்குநரிடம் பேசும்போது, "என்னால் முடியாது" என்று தொடங்காதீர்கள். படம் நன்றாக வருவதற்கு இரண்டாவது கண்கள் தேவை என்று தொடங்குங்கள். நிதி இல்லை என்பார். முழு எட்டு மாதங்களுக்கு ஒருவரை அமர்த்த முடியாவிட்டால், நீங்கள் அசெம்பிளியை முடித்துக் கொடுத்து, அனுபவமுள்ள ஒருவரை மூன்று மாதங்களுக்கு அழைத்து வடிவத்தை உறுதி செய்துகொண்டு, இறுதி நுண்திருத்தங்களை அவருடைய மேற்பார்வையில் நீங்களே செய்வது ஒரு நடுவழி. அதற்கும் அவர் இசையாமல், எல்லாவற்றையும் நீங்களே செய்தாக வேண்டும் என்ற நிலை வந்தால், ஃபுட்டேஜைத் தொடாமல் ஆறு வாரமாவது இடைவெளி விட்டுத் தொடங்குங்கள். முதல் வடிவமான ரஃப் கட்டை, தொழிற்சாலையைப் பற்றியோ உங்களைப் பற்றியோ எதுவும் அறியாத நான்கைந்து பேருக்குத் தனித்தனியாகப் போட்டுக் காட்டி, பார்த்து முடித்ததும் கதையை அவர்கள் வாயாலேயே சொல்லச் சொல்லுங்கள். ஒப்பந்தத்தில் கையெழுத்திடுவதற்கு முன், மூன்று தொழிலாளர்களின் எழுத்துமூல ஒப்புதலும் தொழிற்சாலை நிர்வாகத்தின் அனுமதிக் கடிதமும் தயாரிப்பாளரிடம் உண்மையில் இருக்கின்றனவா என்று கேட்டு, பிரதிகளைப் பார்த்துக்கொள்ளுங்கள். அவை இல்லாவிட்டால், தொகுப்பு முடிந்தாலும் படத்தை வெளியிட முடியாமல் போகக்கூடும்.